பழைய காருக்கு வாட்டர் பம்ப் வேண்டுமா? மலையேறுகிறவர்களுக்கு ஒரு கணக்கு

ஏப்ரல் சீசன் நெருங்கினால் பழைய கார் வைத்திருப்பவர்கள் கேட்கும் முதல் கேள்வி இதுதான்: "நுவரெலியாவுக்கு ஏத்தணும், வாட்டர் பம்ப் ஒன்று போட்டுவிடலாமா?" பம்ப் இல்லாமல் ஃபேக்டரியிலிருந்து வந்த காரென்றால், பத்தில் எட்டு ஒன்பது தடவை தேவையில்லை என்பேன். மீதியில் தேவைதான். அந்த வித்தியாசத்தை எப்படிக் கண்டுபிடிப்பது என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

முதலில், எந்தக் கார்களைப் பற்றிப் பேசுகிறோம்? ஆஸ்டின் செவன், மொறிஸ் எய்ட், ஃபோர்ட் ஆங்லியா, ப்ரிஃபெக்ட், பொப்யுலர் ஆகியவற்றின் பழைய சைட் வால்வு இஞ்சின்கள், ஃபோர்ட் மொடல் டி. இவற்றில் தண்ணீரைத் தள்ள எந்தக் கருவியும் கிடையாது. மொறிஸ் மைனர் எம்எம்மும் 1948இல் பம்ப் இல்லாமல்தான் வந்தது, இரண்டு வருடம் கழித்துத்தான் பம்ப் கிடைத்தது. மொடல் டியில் 1908, 1909இல் வந்த முதல் 2,500 கார்கள் வாக்கில் பம்ப் இருந்தது. பிறகு ஃபோர்டே அதைக் கழற்றிவிட்டு 1927 வரை பம்ப் இல்லாமல் ஓட்டினார்கள். மாறாக, ஃபோர்ட் மொடல் ஏ, ஆஸ்டின் ஏ40, ஏ30 போன்றவை பம்போடு பிறந்தவை. அவற்றில் பம்பைக் கழற்றி ஓட்டுவது என்ற பேச்சுக்கே இடமில்லை.

பம்ப் இல்லாத இஞ்சினில் தண்ணீர் எப்படிச் சுற்றுகிறது? சூடான தண்ணீர் இலேசு, ஆறிய தண்ணீர் கனம். பிளாக்கில், அதாவது சிலிண்டர்கள் இருக்கும் வார்ப்பில், சூடானது மேல் ஹோஸ் வழியாக ரேடியேட்டரின் மேல் டேங்குக்குப் போகிறது. ரேடியேட்டரில் ஆறியது கனத்து இறங்கி, கீழ் ஹோஸ் வழியாக பிளாக்குக்குத் திரும்புகிறது. தேர்மோசைஃபன் என்பது இதுதான். எவ்வளவு பலத்தோடு சுற்றுகிறது என்று பலர் கணக்குப் போட்டுப் பார்ப்பதில்லை. 90 பாகை தண்ணீரின் அடர்த்தி கன மீட்டருக்கு சுமார் 965 கிலோ, 60 பாகையில் 983. வித்தியாசம் 18 கிலோ. சூடாகும் இடத்துக்கும் ஆறும் இடத்துக்கும் இடையே உயரம் 40 சென்ரிமீட்டர் என்று வைத்தால், தண்ணீரைத் தள்ளுவது வெறும் 7 மில்லிமீட்டர் தண்ணீர் மட்டத்தின் அழுத்தம்தான். ஒரு விரல் அகலம்கூட இல்லை. இந்த 7 மில்லிமீட்டரை வைத்துத்தான் இஞ்சின் முழுவதும் ஆற வேண்டும். அதனால்தான் இந்தக் கார்களில் ஹோஸ் தடிமனாக இருக்கும், வளைவு குறைவாக இருக்கும், வழியில் இடைஞ்சல் எதுவும் இருக்காது. நடுவில் கொஞ்சம் துரு அடைத்தாலும், ஹோஸ் உள்ளே கழன்று தொங்கினாலும் இந்தச் சிறு அழுத்தம் அங்கேயே செத்துவிடும்.

பம்ப் உண்மையில் என்ன செய்யும் என்பதையும் அதே போலக் கணக்கில் பார்ப்போம். ஆட்களோடு 1,100 கிலோ இருக்கும் ஒரு சிறு காரை 15க்கு 1 சரிவில் மணிக்கு 20 கிலோமீட்டர் வேகத்தில் ஏற்றுவதாக வையுங்கள். தண்ணீருக்குள் போகும் வெப்பம் உத்தேசமாக 8 கிலோவாட். மேல் ஹோஸுக்கும் கீழ் ஹோஸுக்கும் 25 பாகை வித்தியாசம் இருந்தால் இந்த வெப்பத்தைக் கொண்டுபோக நிமிடத்துக்கு நாலரை லீட்டர் தண்ணீர் சுற்றினால் போதும். பம்ப் போட்டால் அது 14 லீட்டராகி, வித்தியாசம் 8 பாகையாகக் குறையும். கொண்டுபோகும் வெப்பம் இரண்டிலும் ஒன்றுதான். ரேடியேட்டர் காற்றுக்கு விடுகிற வெப்பம் அதன் சராசரி வெப்பநிலையைப் பொறுத்தது, அது பெரிதாக மாறாது. முன்பு மேலே 90, கீழே 65 என்றிருந்தது, பம்ப் வந்தபின் மேலே 82, கீழே 74 என்று ஆகும். ஆக, நன்றாக இருக்கும் ரேடியேட்டரோடு பம்ப் கொடுக்கும் இலாபம் மேல் ஹோஸில் 8 பாகை. பம்ப் ரேடியேட்டரைப் பெரிதாக்காது, காற்றைக் கூட்டாது. "தண்ணீர் வேகமாக ஓடினால் ஆறாது" என்று கராஜில் சொல்வார்களே, அதுவும் சரியில்லை. அந்தப் பேச்சு எங்கிருந்து வந்தது என்பதைப் பின்னால் சொல்கிறேன்.

இப்போது மலைக்கு வருவோம். இந்த 8 பாகை இங்கே சும்மா இல்லை. கொழும்பில் 100 பாகையில் கொதிக்கும் தண்ணீர் 500 மீட்டர் உயரமுள்ள கண்டியில் 98.3இல் கொதிக்கும். 1,270 மீட்டரில் இருக்கும் ஹட்டனில் 95.8. 1,868 மீட்டரில் இருக்கும் நுவரெலியாவில் 94க்கும் சற்றுக் குறைவு. ரேடியேட்டர் மூடியில் அழுத்தம் இல்லாத பழைய காருக்கு, மேலே ஏற ஏற எல்லை கீழே வந்துகொண்டே இருக்கிறது. தண்ணீர்ச் சூட்டுக் கடிகாரத்தில் 90 காட்டும்போது கண்டியில் நிம்மதியாக இருக்கலாம். லபுக்கலை தாண்டினால் அதே 90, கொதிநிலைக்கு நாலு பாகைதான் கீழே. காற்றும் இங்கே கடல் மட்டத்தைவிட ஆறில் ஒரு பங்கு மெல்லியது. விசிறி அதே அளவு சுற்றினாலும் ஏந்திச் செல்லும் வெப்பம் குறைவு. ஆனால் காற்று குளிர்ந்திருக்கிறது. கொழும்பில் 31 என்றால் நுவரெலியா பகலில் 20 பாகை. மெல்லிய காற்றில் இஞ்சினும் குறைந்த பலமே தரும், அதனால் வெப்பமும் சற்றுக் குறையும். இரண்டையும் கூட்டிக் கழித்தால் மேல்பகுதி நாம் பயப்படுகிற அளவுக்கு மோசமில்லை. உண்மையில் சோதனை கீழ்ப்பகுதியில்தான்: கடுகண்ணாவை, கினிகத்தேனை, எல்லவிலிருந்து வெல்லவாய இறங்குகிறவர்களுக்குத் திரும்பி வரும் வழி. காற்று இன்னும் சூடாக இருக்கும், ஏற்றம் தொடங்கிவிடும், முன்னால் பஸ் ஒன்று ஊரும். இரண்டாம் கியரில் இஞ்சின் வேகமாகச் சுற்ற, ரேடியேட்டருக்கு வரும் காற்று நடைவேகத்தில் இருக்கும்.

ஒன்று மட்டும் தெரிந்துகொள்ளுங்கள். மூக்கு மேலே தூக்கிய நிலை தேர்மோசைஃபனுக்கு நல்லது. ரேடியேட்டர் இஞ்சினைவிட உயர்ந்து, மேல் ஹோஸ் இன்னும் செங்குத்தாகி, தண்ணீர் சுலபமாக ஏறும். மூக்கு கீழே இருந்தால் தலைகீழ். பிளாக்கின் பின்கோடியில் நீராவி தேங்கலாம். ஏறி முடித்த உடனே மூக்கைப் பள்ளத்துப் பக்கம் வைத்து நிறுத்தாதீர்கள். நிறுத்தியபின் இரண்டு நிமிடம் மெதுவாக இஞ்சினை ஓடவிடுங்கள். இஞ்சினை அணைத்த பிறகும் தேர்மோசைஃபனில் தண்ணீர் தானே சுற்றிக்கொண்டிருக்கும் என்பது பம்ப் வைத்த காரில் அவ்வளவாகக் கிடைக்காத வரம்.

சரி, கார் சூடேறுகிறது. பம்ப் வாங்குவதற்கு முன் பார்க்க வேண்டியது தண்ணீர் மட்டம். மேல் ஹோஸ் ரேடியேட்டருக்குள் நுழையும் வாய் தண்ணீரில் மூழ்கியிருக்க வேண்டும். அது வெளியே தெரிந்தால் சுற்றோட்டம் நின்றுபோகும். ஒரு லீட்டர் குறைந்தால் கொஞ்சம் சூடாகும் என்று நினைக்காதீர்கள், சுற்றவே மாட்டாது. பம்ப் வைத்த கார் அரை டேங்கில்கூட எப்படியாவது சமாளிக்கும், இது சமாளிக்காது. அதே நேரம் கழுத்துவரை ஊற்றுவதும் வேண்டாம். 25 பாகையிலிருந்து 85க்கு வரும்போது தண்ணீர் சுமார் 3 சதவீதம் பருக்கிறது. 8 லீட்டர் பிடிக்கும் இஞ்சினில் அது ஏறத்தாழ கால் லீட்டர். அவ்வளவும் ஓவர்ஃப்ளோ குழாயால் வெளியே போகும். காலையில் கழுத்துவரை ஊற்றிவிட்டு, சாயங்காலம் கால் லீட்டர் குறைந்ததைப் பார்த்து "கார் தண்ணீர் குடிக்குது" என்று பயப்படுவோர் நிறையப் பேர். வாய் மூழ்கி அதற்குமேல் ஒரு அங்குலம் இருந்தால் போதும்.

அடுத்தது இரண்டு வெப்பநிலை. கடைகளில் கிடைக்கும் இன்ஃப்ராரெட் தேர்மோமீட்டர் ஒன்று வாங்குங்கள். பளபளப்பான பித்தளையில் அது பொய் சொல்லும், ஆகவே மேல் ஹோஸ், கீழ் ஹோஸ் இரண்டின் ரப்பர் மீதும் அளவெடுங்கள். ஏற்றத்தில் ஐந்து பத்து நிமிடம் இழுத்தபின் ஓரமாக நிறுத்தி, இஞ்சின் ஓடிக்கொண்டிருக்கும்போதே பார்க்க வேண்டும். வித்தியாசம் 20 முதல் 30 வரை என்றால் சுற்றோட்டம் சரி. 40க்கு மேல் என்றால் தண்ணீர் ஓடும் வழியில் அடைப்பு. வித்தியாசம் 10 பாகைதான், ஆனால் மேல் ஹோஸ் கொதிக்கிற சூடு என்றால் தண்ணீர் நன்றாகவே ஓடுகிறது, காற்றுப் பக்கம்தான் பிழை. இந்த மூன்றாவது நிலையில் பம்ப் போடுவது காசை ஆற்றில் கொட்டுவது. தண்ணீரின் ஓட்டத்தில் குறையில்லாதபோது அதை இன்னும் வேகமாக ஓட்டி என்ன கிடைக்கும்?

இன்னொன்றும் இருக்கிறது. ஹெட் கேஸ்கெட் கசிவு. குளிர்ந்த இஞ்சினில் மூடியைத் திறந்து, தண்ணீரை விளிம்புவரை நிரப்பி, ஸ்டார்ட் செய்து முதல் ஒரு நிமிடம் பாருங்கள். சூடாவதற்கு முன்பே குமிழ் தொடர்ந்து வந்தால் சிலிண்டரில் எரிந்த வாயு தண்ணீருக்குள் போகிறது. பம்ப், ரேடியேட்டர் பேச்சையெல்லாம் ஒத்திவைத்துவிட்டு ஹெட்டைத் திறக்க வேண்டியதுதான்.

அடைப்பு என்று தெரிந்தால், அது ரேடியேட்டரிலா பிளாக்கிலா என்று பிரித்துப் பாருங்கள். இரண்டு ஹோஸையும் கழற்றி, ரேடியேட்டரின் கீழ் வாயைக் கையால் அடைத்து, மேலே நிரப்பி, கையை எடுங்கள். குழாய் விட்டம் நிறைய "தொபுக்" என்று கொட்ட வேண்டும். பென்சில் தடிமனில் வழிந்தால் கோர், அதாவது ரேடியேட்டரின் நடுவில் உள்ள குழாய்க் கூடு, அடைத்திருக்கிறது. சுடுதண்ணீர் ஊற்றிக் கோர் முழுவதும் கையால் தடவினால், குளிர்ந்திருக்கும் இடம் அடைத்த குழாய்களைக் காட்டிக்கொடுக்கும்.

மலைநாட்டுத் தண்ணீர் பொதுவாக மென்மையானது. யாழ்ப்பாணக் கிணற்றுத் தண்ணீர் போலச் சுண்ணாம்பு படியாது. இங்கே எதிரி துருவும் சேறும்தான். பீலியில் பிடித்த தண்ணீரில் கலங்கல் இருந்தால் அதுவும் பிளாக்கின் அடியில் போய் உட்காரும். துருவுக்குச் சிட்ரிக் அமிலம் நல்லது. லீட்டருக்கு 50 கிராம், 8 லீட்டர் இஞ்சினுக்கு 400 கிராம். கரைத்து ஊற்றி, இஞ்சினைக் மிதமான சூட்டில், அதாவது 50, 60 பாகையில் அரைமணி நேரம் ஓட்டி, வடித்துவிடுங்கள். தேநீர் நிறத்தில் வரும். வெளிறும்வரை இரண்டு மூன்று முறை செய்யலாம். கடைசியில் இரண்டு மேசைக்கரண்டி அப்பச்சோடா கரைத்த தண்ணீரால் கழுவி அமிலத்தை முறித்துவிடுங்கள். அலுமினிய ஹெட் மாட்டிய காரில் அமிலத்தை இஞ்சினுக்குள் விட வேண்டாம், ரேடியேட்டரைக் கழற்றித் தனியே செய்யுங்கள். சலவைச் சோடாவும் அலுமினியத்தை அரிக்கும்.

பிளாக்கின் பின்கோடி சிலிண்டரைச் சுற்றித்தான் அதிகம் தேங்கும். வடிகால் குழாயைக் கழற்றினால் தண்ணீர் வராமல் நிற்கிற பிளாக்குகள் உண்டு. உள்ளே கட்டிச் சேறு நிற்கிறது என்று அர்த்தம். தடித்த கம்பியால் குத்திக் கிளறி, கோர் பிளக்குகளை (பிளாக்கின் பக்கத்தில் உள்ள தகட்டு மூடிகளை)க் கழற்றி, எதிர்த்திசையில் ஹோஸால் அடித்துக் கழுவ வேண்டும். அமிலத்தால் மட்டும் அந்தச் சேறு கரையாது. ஒரு பழைய பிளாக்கிலிருந்து ஒரு கோப்பை நிறையத் துருத்தூள் வருவது அதிசயமில்லை.

ரேடியேட்டர் கழுவியும் திறக்காவிட்டால் டேங்குகளை ஈயம் உருக்கிக் கழற்றி, குழாய்களுக்குள் கம்பி விட்டுச் சுத்தம் செய்யலாம். தேன்கூட்டு வகைக் கோரில் இது முடியாது, கோரையே மாற்ற வேண்டும். இங்கேதான் பெரிய பொறி. புதுக் கோர் போடும் கடைகளில் கையிருப்பில் இருப்பது பெரும்பாலும் இன்றைய கார்களுக்கான மெல்லிய குழாய்க் கோர். பம்ப் தள்ளும் தண்ணீருக்காக அமைந்த அதில் 7 மில்லிமீட்டர் அழுத்தம் எடுபடாது. காற்று நன்றாகப் போகும், தண்ணீர் போகாது. "புதுக் கோர் போட்டபிறகுதான் சூடேறுது" என்று கேட்டால் காரணம் இதுதான். குழாய்களின் அகலமும் எண்ணிக்கையும் பழைய கோருக்குக் குறையக்கூடாது என்று முதலிலேயே சொல்லி, பழைய கோரைக் கையில் கொடுத்து அளக்கச் சொல்லுங்கள்.

ஒழுக்கை அடைக்க மஞ்சள் தூள் கொட்டும் பழக்கமும் இருக்கிறது. வழியில் மாட்டிக்கொண்டால் சரி. வீடு சேர்ந்ததும் அது முழுவதையும் கழுவி எடுக்காவிட்டால், ஒழுக்கை அடைத்த அதே பொடி நுண்ணிய வழிகளையும் அடைத்துவிடும். பம்ப் இருக்கிற காருக்கு இது சிறு தொல்லை, இந்தக் காருக்கு நோய்.

காற்றுப் பக்கம் பிழை என்றால் கோரின் செதில்களைப் பின்னாலிருந்து முன்னோக்கித் தண்ணீரால் அடியுங்கள். அழுத்தம் அதிகமுள்ள பீச்சும் கருவி வேண்டாம், செதில் மடியும். பூச்சியும் புல் விதையும் வெளியில் தெரியாமல் நடுவில் அடைத்துக்கொண்டிருக்கும். விசிறிப் பெல்ட் நழுவுகிறதா, விசிறி தலைகீழாக மாட்டியிருக்கிறதா என்று பாருங்கள். விசிறி கோரிலிருந்து ஒரு அங்குலத்துக்குள் இருக்க வேண்டும். இரண்டு மூன்று அங்குலம் தள்ளியிருந்தால் அது கோரில் காற்றை இழுக்காமல் தன் விளிம்பைச் சுற்றியே காற்றைச் சுழற்றிக்கொண்டிருக்கும்.

மெதுவான ஏற்றத்துக்கு என் கைக்காசில் ஒன்றே ஒன்று செய்ய வேண்டுமென்றால், பம்பை விட்டுவிட்டு விசிறிக்கு ஒரு கூண்டு செய்வேன். டிங்கரிங் செய்கிறவர் 20 கேஜ் தகட்டில் அரைநாளில் முடித்துத் தருவார். கோரின் முழு அகலத்தையும் மூடி, நடுவில் விசிறிக்கு வட்டமாகத் திறந்து, இலையின் பாதி ஆழம் கூண்டுக்குள் இருக்குமாறு அமைக்க வேண்டும். இலை நுனிக்கும் தகட்டுக்கும் அரை அங்குல இடைவெளி போதும். அதைவிட நெருக்கினால் குழியில் விழும்போது இஞ்சின் ஆடி இலை தகட்டில் இடிக்கும். கூண்டு இல்லாதபோது விசிறி, எதிரே இருக்கும் வட்டத்தில் மட்டும் காற்றை இழுக்கிறது, கோரின் நாலு மூலையும் சும்மா கிடக்கிறது. பஸ்ஸின் பின்னால் ஊரும்போது வித்தியாசம் கடிகாரத்தில் தெரியும்.

சூட்டுக்குத் தண்ணீரோடு சம்பந்தமே இல்லாத காரணங்களும் உண்டு. இக்னிஷன் பின்தங்கியிருந்தால், அதாவது பொறி தாமதமாக விழுந்தால், எரிவு எக்ஸோஸ்ட் வழியில் முடியும். சைட் வால்வு இஞ்சினில் அந்தச் சூடு நேரே பிளாக்கின் தண்ணீருக்குள் இறங்கும். டிஸ்ட்ரிபியூட்டரின் உள்ளே எடைகள் துருப்பிடித்து ஒட்டியிருந்தால் நிற்கும்போது டைமிங் சரியாக இருக்கும், வேகமெடுக்கும்போது முன்னேறாது. ஸ்டியரிங்கில் லீவர் இருக்கும் கார்களில் ஏற்றத்துக்கென்று அதைப் பின்தள்ளிவிட்டு மறந்துபோவோர் உண்டு. பிரேக் ஷூ உரசுகிறதா என்று ஒவ்வொரு சக்கரத்தையும் தூக்கிச் சுழற்றிப் பாருங்கள். ஹப்புத்தளையிலிருந்து பிரேக் பிடித்தே இறங்கிவிட்டு, இறுக்கி அட்ஜஸ்ட் செய்து, அதே காரை மறுநாள் ஏற்றினால் இஞ்சின் இரண்டு மலையைச் சேர்த்து இழுக்கிறது.

இவ்வளவும் பார்த்து, சரிசெய்து, அதற்குப் பிறகும் மேல் ஹோஸ் 90ஐத் தாண்டினால் பம்பைப் பற்றி யோசிக்கலாம். நியாயமான காரணங்கள் சில. மெல்லிய குழாய்க் கோர் ஏற்கெனவே போட்டாகிவிட்டது, மாற்ற வசதியில்லை. கம்ப்ரெஷன் கூட்டி, கார்புரேட்டர் மாற்றி இஞ்சினின் பலத்தைக் கூட்டியிருக்கிறார்கள். நுவரெலியாக் குளிருக்கு ஹீட்டர் வேண்டும், தேர்மோசைஃபனால் ஹீட்டரின் சிறு குழாயில் தண்ணீர் தள்ள முடியாது. மகாகஸ்தோட்ட ஹில் க்ளைம்ப் என்ற மலையேற்றப் பந்தயத்தில் ஓட்டத்தான் பம்ப் என்கிறவர்களிடம் மட்டும் எனக்கு உடன்பாடில்லை. பிளாக்கிலும் ரேடியேட்டரிலும் இருக்கும் தண்ணீர் சூடாவதற்குள் அந்த ஓட்டம் முடிந்துவிடும்.

பம்ப் போட்டால் முதலில் வரும் பிரச்சினை: தண்ணீர் வெளியே கொட்டும். பம்ப் மேல் டேங்குக்குத் தள்ளும் தண்ணீரைக் கோர் அதே வேகத்தில் கீழே விடாவிட்டால் மேல் டேங்க் நிரம்பி ஓவர்ஃப்ளோவால் பீறிடும். சில மைலில் இரண்டு லீட்டர் போய், பிறகு கொதிக்கும். "தண்ணீர் வேகமாக ஓடினால் ஆறாது" என்ற பேச்சு பிறந்தது இங்கேதான். வேகத்தால் ஆறாமல் போகவில்லை, தண்ணீரே வெளியே போய்விட்டது. இதற்கு மருந்து, ஹெட்டிலிருந்து மேல் ஹோஸ் தொடங்கும் இடத்தில் ஒரு தகட்டு வளையம். நடுத்துளை 16 முதல் 19 மில்லிமீட்டர். இஞ்சினுக்குள் சற்று அழுத்தம் ஏறும், மேல் டேங்குக்குப் போகும் அளவு குறையும். பெரிய துளையில் தொடங்கி, பீறிட்டால் மட்டும் சிறிதாக்குங்கள்.

பம்பைக் கீழ் ஹோஸில்தான் வைக்க வேண்டும், ரேடியேட்டரிலிருந்து பிளாக் நோக்கி. அம்புக்குறியைப் பாருங்கள், எதிராக மாட்டினால் இயற்கையான சுற்றையும் சேர்த்தே நிறுத்திவிடும். உள்விட்டம் பழைய ஹோஸுக்குக் குறையக்கூடாது. பெல்ட் அறுந்த நாளில் தண்ணீர் அந்தப் பம்ப் வழியாகவே தானாகச் சுற்றி உங்களை வீடு சேர்க்க வேண்டும். பம்பின் புல்லி (பெல்ட் ஓடும் சக்கரம்) இஞ்சின் வேகத்துக்குச் சமமாகவோ சற்றுக் குறைவாகவோ சுற்றட்டும். பம்புக்கு முன்னால் உள்ள ஹோஸ் உறிஞ்சும் பக்கம், அதற்குள் சுருள் கம்பி இல்லாவிட்டால் வேகத்தில் சப்பி ஒட்டிக்கொள்ளும். நிறுத்திப் பார்த்தால் ஒழுங்காக இருக்கும், அதனால் பலர் கண்டுபிடிக்கவே மாட்டார்கள். பழைய வகைப் பம்பில் தண்டைச் சுற்றிக் கசிவைத் தடுக்கும் க்ளாண்ட் நட்டைக் கையால் இறுக்கி, ஸ்பானரால் சற்றே திருகினால் போதும். எப்போதாவது ஒரு சொட்டு கசிவது நல்லது. முழுக்க நிறுத்தும்வரை இறுக்கினால் தண்டு தேயும், பிறகு அங்கிருந்து காற்றை உறிஞ்சும். தண்ணீரில் பால் போல நுரை தெரிந்தால் காரணம் அதுதான்.

மின்சாரப் பம்ப் வாங்க நினைக்கிறவர்கள் முதலில் காரின் வோல்ட்டைப் பாருங்கள். இந்தக் கார்களில் பல 6 வோல்ட். ரம்பொடை மூடுபனியில் ஹெட்லைட்டைப் போட்டால் டைனமோவில் மிச்சம் எதுவும் இராது.

பம்போடு தேர்மோஸ்டாட் கட்டாயம். தேர்மோசைஃபன் தன்னைத்தானே பார்த்துக்கொள்ளும்: குளிர்ந்திருந்தால் மெதுவாகச் சுற்றும், சூடானால் வேகமாக. பம்ப் எப்போதும் தள்ளும். நானுஓயாவில் காலை 8 பாகையில் இறக்கத்தில் போகும்போது இஞ்சின் 45 பாகைக்கு வந்துவிடும். எண்ணெயில் நீர் சேர்ந்து, எண்ணெய் ஊற்றும் மூடியின் அடியில் மோர் நிறத்தில் பசை படியும், சிலிண்டர் தேய்மானம் கூடும். 74 பாகையில் திறக்கும் தேர்மோஸ்டாட் இங்கே பொருத்தம். 88இல் திறப்பது கொழும்புக்குச் சரி, நுவரெலியாவில் கொதிநிலைக்கு மிக அருகில். காற்று வெளியேற அதன் தட்டில் 3 மில்லிமீட்டர் துளை போடுங்கள். பம்ப் இல்லாத காரில் தேர்மோஸ்டாட் வேண்டாம், அதன் வாய் அந்த 7 மில்லிமீட்டரை விழுங்கிவிடும். குளிர்காலையில் ரேடியேட்டரின் கீழ்ப்பாதிக்கு ஒரு அட்டை மறைப்பு போதும்.

தண்ணீரை அழுத்தத்தில் வைத்திருக்கும் ரேடியேட்டர் மூடியைப் பற்றியும் கேட்பார்கள். அந்த அழுத்தத்தை பிஎஸ்ஐ என்ற அலகில் சொல்வார்கள். நுவரெலியாவில் 4 பிஎஸ்ஐ மூடி கொதிநிலையை 94இலிருந்து 102க்குக் கொண்டுபோகும், 7 பிஎஸ்ஐ 107க்கு. பம்பைவிட மலிவாக அதே 8 பாகை கிடைக்கிறது என்று தோன்றும். ஆனால் 80 வருட ஈயப் பற்று அழுத்தத்துக்காகச் செய்யப்பட்டதல்ல. ரேடியேட்டரைக் கழற்றித் தண்ணீர்த் தொட்டியில் மூழ்கடித்து 6 பிஎஸ்ஐக்குச் சோதித்த பிறகு 4 பிஎஸ்ஐ மூடி போடலாம். அதற்கு மேல் போகாதீர்கள்.

கூலன்ட் வாங்கும்போது ஈயப் பற்று வைத்த பித்தளை ரேடியேட்டர் என்று சொல்லி, பழைய வகை நீல அல்லது பச்சை எத்திலீன் கிளைக்கோலைக் கேளுங்கள். சேர்வு நாலில் ஒரு பங்கு போதும். ஆர்கானிக் ஆசிட் வகை ஈயப் பற்றையும் பழைய கேஸ்கெட்டையும் பாதிக்கும் என்பதால் அதைத் தவிர்க்கிறேன்.

வழியில் கொதித்துவிட்டால் மூடியில் கை வைக்காதீர்கள். தண்ணீர் இன்னும் மட்டத்தில் இருக்கிறது என்று நம்பினால் இஞ்சினை மெதுவாக ஓடவிட்டு விசிறிக் காற்றில் ஆறவிடுங்கள். நீராவி மட்டும் வந்து தண்ணீர்ச் சத்தமே இல்லையென்றால் உடனே அணையுங்கள். அரைமணி நேரம் கழித்து, மூடியின் மேல் தடித்த ஈரத்துணி போட்டு முதல் படிவரை மட்டும் திருகி ஆவியை விட்டபிறகு முழுதாகத் திறக்கலாம். ஓடைத் தண்ணீரைச் சூடான பிளாக்கில் ஒரேயடியாக ஊற்றினால் பிளாக்கில் விரிசல் விழும். இஞ்சினை ஸ்டார்ட் செய்து ஓடவிட்டு, ஒவ்வொரு கோப்பையாக, இடைவெளி விட்டு ஊற்றுங்கள். மேல் ஹோஸின் வாய் மூழ்கியதும் நிறுத்திவிட்டு, மேல் ஹோஸைத் தொட்டுப் பாருங்கள். சூடு அங்கே வந்து சேர்ந்தால் சுற்றோட்டம் திரும்பிவிட்டது, புறப்படலாம்.